குறி மாறினால் ஊர் மாறும்

புலம்பெயர்ந்த நாடுகளில் எமது பிள்ளைகள் ஆறாம், ஏழாம் வகுப்பைத் தாண்டும்போது வீட்டுப்பாடக் கொப்பியில் ஒரு படம் வந்து சேருகின்றது. ஒன்றையொன்று செங்குத்தாக வெட்டும் இரண்டு கோடுகள். சுற்றிவரச் சிறு கட்டங்கள். வலப்பக்கம் 1, 2, 3 என்றும் இடப்பக்கம் −1, −2, −3 என்றும் எண்கள். மேலும் கீழும் அவ்வாறே. "(−3, 2) என்ற புள்ளியைக் குறிக்குக" என்று கீழே ஒரு வினா. பிள்ளை பென்சிலைப் பிடித்தபடி யோசிக்கின்றது. எந்தப் பக்கம் போவது? எது முதல்?

அவ்வேளையில் பெற்றோர் பலர், "இது இங்கத்தைய படிப்பு, எங்களுக்கு விளங்காது" என்று ஒதுங்கிவிடுகின்றனர். உண்மை அதுவன்று. ஊரில் சாதாரணதர வகுப்புவரை படித்தவர்கள் இதே படத்தைத் தமிழிலேயே கீறியவர்கள். "ஆள்கூறு" என்ற சொல்லும் "சக", "சய" என்ற சொற்களும் நினைவிருந்தால் போதும். இலண்டனில் பிள்ளை "மைனஸ்" என்பதும், யேர்மனியிலும் நோர்வேயிலும் "மினுஸ்" என்பதும், பிரான்சில் "முவான்" என்பதும் எமது "சய"வே. மொழி மாறியிருக்கின்றது, கணக்கு மாறவில்லை. ஒதுங்கிவிட்ட பெற்றோருக்காகவே இக்கட்டுரை.

சய என்றால் குறைவா?

இப்பாடத்தில் பிள்ளைகள் இடறி விழுவதற்கு முக்கிய காரணம் ஒன்றுண்டு. சிறு வகுப்பில் "சய" என்றால் எடுத்துவிடுவது, குறைவது என்று படித்திருக்கின்றார்கள். இடைஞ்சல் அங்கிருந்துதான் தொடங்குகின்றது. கி.பி. 628 இல் பிரமகுப்தர் மறை எண்களுக்கு விதிகளை எழுதியபோது நேர் எண்ணைச் சொத்து என்றும் மறை எண்ணைக் கடன் என்றும் விளக்கினார். கூட்டல் கழித்தலுக்கு அது நல்ல விளக்கம். ஆனால் தளத்தில் ஒரு புள்ளியைக் குறிக்கும்போது யாரும் யாருக்கும் கடன்படவில்லை. அங்கே குறி சொல்வது திசையை மாத்திரமே. எமது பாடநூல்கள் இவ்வெண்களைத் "திசைகொண்ட எண்கள்" என்று அழைத்தது மிகப் பொருத்தமானது. 3 என்பது எவ்வளவு தூரம் என்று சொல்கின்றது. அதன் முன்னால் நிற்கும் குறி எந்தப் பக்கம் என்று சொல்கின்றது.

மறை எண்ணைக் கண்டு பிள்ளை தயங்கினால் அதனை மந்தம் என்று ஏசவேண்டாம். இத்தளத்திற்குப் பெயர் கொடுத்த ரெனே தெக்காட் என்ற பிரெஞ்சு அறிஞரே ஒரு சமன்பாட்டின் மறை விடைகளைப் "பொய்யானவை" என்றுதான் எழுதினார். அவரது கேத்திரகணித நூல் 1637 இல் ஒல்லாந்தின் லெய்டன் நகரில் வெளிவந்தது. அவரும் சொந்த நாட்டை விட்டு இருபது ஆண்டுகள்வரை ஒல்லாந்தில் வாழ்ந்து, 1650 இல் சுவீடனில் இறந்தவர். இன்று பிள்ளைகள் கீறும் இரண்டு அச்சுகளும் நான்கு பகுதிகளும் கொண்ட படம் அவருடைய நூலில் இல்லை. 1704 இல் நியூற்றன் வெளியிட்ட வளைகோடுகள் பற்றிய ஆய்விலே நான்கு பகுதிகளும் தயக்கமின்றிப் பயன்படுகின்றன. பெரிய அறிஞர்களுக்கே இரண்டு தலைமுறை எடுத்த விடயத்திற்கு எமது பிள்ளைக்கு இரண்டு மாலை கொடுக்கலாம்.

பனையும் கிணறும்

அடைப்புக்குள் இரண்டு எண்கள் இருந்தால் முதலாவது எக்ஸ், இரண்டாவது வை. எக்ஸ் என்பது இடம் வலமாகப் போவது. வை என்பது மேல் கீழாகப் போவது. இந்த ஒழுங்கைப் பிள்ளைகள் அடிக்கடி மாற்றிவிடுகின்றனர். அவர்களுக்கு ஊர்க் காட்சி ஒன்றைச் சொல்லுங்கள்.

வீட்டுப் படலையில் நிற்கின்றோம். முன்னால் ஒழுங்கை இடமும் வலமுமாக ஓடுகின்றது. பனையில் ஏறுவதென்றால் முதலில் பனையடிக்கு நடந்து போகவேண்டும். நின்ற இடத்திலிருந்து பனையில் ஏற முடியாது. கிணற்றில் இறங்குவதென்றாலும் முதலில் கிணற்றடிக்கு நடந்து போகவேண்டும். ஆகவே முதலாவது எண் நடப்பது. இரண்டாவது எண் ஏறுவது அல்லது இறங்குவது.

வலப்பக்கம் நடந்தால் சக; இடப்பக்கம் நடந்தால் சய. பனையில் ஏறினால் சக. கிணற்றில் இறங்கினால் சய. (−3, 2) என்றால் படலையிலிருந்து இடப்பக்கம் மூன்று அடி நடந்து, அங்குள்ள பனையில் இரண்டு அடி ஏறுவது. (3, −2) என்றால் வலப்பக்கம் மூன்று அடி நடந்து, அங்குள்ள கிணற்றில் இரண்டு அடி இறங்குவது.

பனையையும் கிணற்றையும் காணாத பிள்ளைக்கு மாடிக் கட்டடத்து லிப்ற்றைக் காட்டலாம். ஐரோப்பிய நாடுகள் பலவற்றில் நிலத்தடி வாகனத் தரிப்பிடத்திற்கு −1, −2 என்றே பொத்தான்களில் எழுதியிருக்கின்றது. −2 ஆம் தளம் மூன்றாம் மாடியை விட மட்டமானது என்று எவரும் எண்ணுவதில்லை. அது நிலத்திற்குக் கீழே இருக்கின்றது, அவ்வளவே.

நான்கு காற்பகுதிகள்

இரண்டு அச்சுகளும் தளத்தை நான்காகப் பிரிக்கின்றன. ஒவ்வொன்றும் கால் பங்கு என்பதால் காற்பகுதி. படலையிருக்கும் இடமாகிய (0, 0) உற்பத்திப் புள்ளி. சிலர் ஆதிப் புள்ளி என்பர். குறிகள் இவ்வாறு அமையும்:

முதலாம் காற்பகுதி, வலப்பக்கப் பனை: (சக, சக)
இரண்டாம் காற்பகுதி, இடப்பக்கப் பனை: (சய, சக)
மூன்றாம் காற்பகுதி, இடப்பக்கக் கிணறு: (சய, சய)
நான்காம் காற்பகுதி, வலப்பக்கக் கிணறு: (சக, சய)

எண்ணும் வரிசை மணிக்கூட்டு முள் சுற்றுவதற்கு எதிரானது. கோணங்களை வலப்பக்க அச்சிலிருந்து தொடங்கி அத்திசையிலேயே அளப்பதால் காற்பகுதிகளையும் அவ்வாறே எண்ணுகின்றனர். முதலாவதிலிருந்து இரண்டாவதற்குப் போகும்போது எக்ஸின் குறி மட்டும் மாறுகின்றது. இரண்டிலிருந்து மூன்றுக்கு வையின் குறி மட்டும். மூன்றிலிருந்து நான்குக்கு மீண்டும் எக்ஸ். ஒரு வேலியைக் கடந்தால் ஒரு குறி மாறும் என்று சொன்னால் பிள்ளை அட்டவணையைப் பாடமாக்கத் தேவையில்லை.

வேலியின்மேல் நிற்பவர் எந்த வளவிற்கும் உரியவர் அல்லர். (0, 5) என்ற புள்ளியும் (−4, 0) என்ற புள்ளியும் அச்சின்மேல் இருப்பதால் எந்தக் காற்பகுதியிலும் சேரமாட்டா. பூச்சியத்திற்குக் குறி இல்லை.

உலகப் படத்தில் எம்மவர்

இப்பாடத்திற்கு எமது சமூகத்தை விடப் பொருத்தமான படம் கிடைப்பதரிது. உலகப் படத்தை எடுங்கள். மத்திய கோட்டைக் கிடை அச்சாகவும், இலண்டன் கிறீன்விச்சின் ஊடாகச் செல்லும் கோட்டை நிலைக்குத்து அச்சாகவும் கொள்ளுங்கள். நெட்டாங்கு எக்ஸ், கிழக்கு சக, மேற்கு சய. அகலாங்கு வை, வடக்கு சக, தெற்கு சய. உற்பத்திப் புள்ளி ஆபிரிக்காவின் மேற்கே கினி வளைகுடாக் கடலில் விழுகின்றது.

யாழ்ப்பாணம் ஏறக்குறைய (80.0, 9.7). ஒஸ்லோ (10.8, 59.9). பாரிஸ் (2.4, 48.9). சூரிச் (8.5, 47.4). இவை எல்லாம் முதலாம் காற்பகுதி. ரொறன்ரோ (−79.4, 43.7), இரண்டாம் காற்பகுதி. சிட்னி (151.2, −33.9), நான்காம் காற்பகுதி. நூறாண்டுகளுக்கு முன்னரே தமிழர் குடியேறிய மொரீசியசும் தென்னாபிரிக்காவின் டர்பனும் நான்காவதிலேயே உள்ளன. மூன்றாவதிற்குத் தென் அமெரிக்காவிற்குப் போகவேண்டும், பிரேசிலின் சாவோ பாவுலோ (−46.6, −23.6).

இலண்டன் வாசகர்களுக்கு ஒரு சிறப்பு உண்டு. அச்சு அவர்களின் நகரத்தினூடாகவே செல்கின்றது. ஈஸ்ற்ஹாமில் வசிப்பவர் கோட்டிற்குக் கிழக்கே முதலாம் காற்பகுதியில் இருக்கின்றார். ரூற்றிங்கிலும் வெம்பிளியிலும் வசிப்பவர்கள் மேற்கே இரண்டாம் காற்பகுதியில் இருக்கின்றார்கள். ஈஸ்ற்ஹாமிலிருந்து வெம்பிளிக்குக் கலியாண வீட்டிற்குப் போகின்றவர் எக்ஸின் குறியை மாற்றிக்கொண்டே போகின்றார்.

யாழ்ப்பாணத்தின் 80.0 ஐயும் ரொறன்ரோவின் −79.4 ஐயும் பாருங்கள். அச்சிலிருந்து இரண்டும் ஏறக்குறைய ஒரே தூரம். குறி மட்டும் எதிர். இடையில் எத்தனை பாகை? 80.0 இலிருந்து −79.4 ஐக் கழிக்கவேண்டும். சயவைக் கழித்தால் கூட்டலாகும், விடை 159.4 பாகை. ஏன் கூட்டலாகின்றது என்று பிள்ளை கேட்டால் படத்தைக் காட்டுங்கள். ரொறன்ரோவிலிருந்து அச்சுவரை 79.4, அச்சிலிருந்து யாழ்ப்பாணம்வரை 80.0. இரண்டு துண்டையும் சேர்த்தால்தானே முழுப் பயணம்?

ஊருக்குத் தொலைபேசி எடுப்பவர்கள் இந்தக் கணக்கை நாளாந்தம் செய்கின்றனர். இலங்கை நேரம் சக 5 மணி 30 நிமிடம். ரொறன்ரோவின் மாரிகால நேரம் சய 5 மணி. வித்தியாசம் 10 மணி 30 நிமிடம். கோடையில் ரொறன்ரோ சய 4 ஆவதால் 9 மணி 30 நிமிடம். இதை மனத்திலேயே கணக்கிடும் அம்மாவுக்குத் திசைகொண்ட எண்கள் தெரியாது என்று யார் சொல்வது?

குறி தவறினால்

80.0, 9.7 என்ற இரண்டு எண்களையும் மாற்றாமல் குறிகளை மட்டும் மாற்றிப் பார்ப்போம். (80.0, 9.7) யாழ்ப்பாணம். எக்ஸின் குறியை மாற்றினால் (−80.0, 9.7), அது பனாமாக் கால்வாயின் வட வாயிலுக்கு அப்பால் கரிபியன் கடல். இரண்டையும் மாற்றினால் (−80.0, −9.7), அது பெரு நாட்டுக் கரைக்கு மேற்கே பசிபிக் கடல். வையை மட்டும் மாற்றினால் (80.0, −9.7), அது மத்திய கோட்டிற்குத் தெற்கே இந்து சமுத்திரத்தின் நடு. நான்கில் ஒன்றுதான் நிலம்.

ரொறன்ரோவின் சயவை விட்டுவிட்டால் கசகஸ்தானுக்குப் போய்விடுவோம். வெம்பிளியின் −0.30 இலிருந்து சயவை விட்டால் ஏறக்குறைய 40 கிலோமீற்றர் கிழக்கே அப்மின்ஸ்ரர்ப் பக்கம் போய் நிற்போம்.

இது விளையாட்டுக் கணக்கு மட்டுமன்று. 2012 இல் இலங்கையிலிருந்து பலர் படகுகளில் கொக்கோஸ் தீவுகளைச் சென்றடைந்தனர். அத்தீவுகள் ஏறக்குறைய (96.8, −12.2) இல் உள்ளன. அவ்வழியே செல்லும் எந்தப் படகும் நடுக்கடலில் மத்திய கோட்டைக் கடக்கும். வையின் குறி சகவிலிருந்து சயவாக மாறும். அக்கடலில் தத்தளிக்கும் ஒருவர் செய்மதித் தொலைபேசியில் அகலாங்கு 5 பாகை என்று மட்டும் சொன்னால், தேடுபவர் வடக்கு 5 இற்குப் போவதா, தெற்கு 5 இற்குப் போவதா? இடையில் 10 பாகை. ஒரு பாகை அகலாங்கு ஏறக்குறைய 111 கிலோமீற்றர் என்பதால் 1,100 கிலோமீற்றருக்கு மேல். சிறிய ஒரு கோடு உயிரின் விலை பெறும் இடங்களும் உண்டு. ஆகவே உதவி கோரும்போது வடக்கு, தெற்கு, கிழக்கு, மேற்கு என்பதை வாய்விட்டுச் சொல்லவேண்டும் என்று பிள்ளைகளுக்கும் பழக்குங்கள்.

உற்பத்தியை வைத்தவர் யார்?

கிறீன்விச்சில் பூச்சியம் இருக்கவேண்டும் என்று இயற்கையில் ஒரு விதியும் இல்லை. 1884 இல் வாஷிங்டனில் 25 நாடுகளின் பிரதிநிதிகள் கூடி வாக்களித்தார்கள். 22 நாடுகள் ஆதரித்தன. ஒரு நாடு எதிர்த்தது. பிரான்சும் பிரேசிலும் வாக்களிக்கவில்லை. பிரான்ஸ் தனது சட்டபூர்வ நேரத்திற்கு 1911 வரை பாரிஸ் கோட்டையே வைத்திருந்தது. அக்கோடு கிறீன்விச்சிற்குக் கிழக்கே 2.34 பாகையில் உள்ளது. அதுவே உலக அச்சாகியிருந்தால் ஈஸ்ற்ஹாமும் சய ஆகியிருக்கும். முழு இலண்டனும் இரண்டாம் காற்பகுதியில் இருந்திருக்கும். ஊர்கள் அங்குலமும் நகரவில்லை. குறி மட்டும் மாறுகின்றது.

இன்றும் ஒரு சிறு வேடிக்கை உண்டு. கிறீன்விச்சில் மக்கள் காலை அகட்டி நின்று படமெடுக்கும் உலோகக் கோட்டிற்கும் செய்மதிகளின் பூச்சியக் கோட்டிற்கும் இடையில் ஏறக்குறைய 102 மீற்றர் வித்தியாசம். செய்மதிக் கோடு கிழக்கே செல்கின்றது. ஆகவே உலோகக் கோட்டில் நிற்பவரின் கைத்தொலைபேசி பூச்சியம் காட்டாது. மிகச் சிறிய சய ஒன்றைக் காட்டும்.

குறி இடத்திற்குச் சொந்தமானதன்று. எங்கிருந்து அளக்கின்றோம் என்பதற்குச் சொந்தமானது. பிள்ளை இதனை ஒருமுறை விளங்கிக்கொண்டால் மறை எண் பற்றிய பயம் போய்விடும்.

பிள்ளைகள் தவறும் இடங்கள்

முதலாவது, ஒழுங்கு. கணித வகுப்பில் கிடை முதலில் வரும். ஆனால் கைத்தொலைபேசியின் வரைபடத்தில் பொதுவாக அகலாங்கு, அதாவது வை, முதலில் வரும். யாழ்ப்பாணத்தின் 9.7, 80.0 என்பதை வகுப்பு முறையில் வாசித்தால் நோர்வேயின் ஸ்வால்பார் தீவுகளுக்கு வடமேற்கே பனிக்கடலில் போய் விழுவோம்.

இரண்டாவது, எழுத்தின் முன்னால் நிற்கும் சய. "சய எக்ஸ்" என்றால் அது கட்டாயம் மறை எண் என்று பிள்ளைகள் எண்ணுகின்றனர். எக்ஸ் −3 ஆக இருந்தால் சய எக்ஸ் +3 ஆகும். எழுத்தின் முன்னாலுள்ள சய "எதிர்ப்பக்கம் திரும்பு" என்ற கட்டளை. திரும்பிய பின் எங்கே நிற்போம் என்பது முதலில் எங்கே நின்றோம் என்பதைப் பொறுத்தது.

மூன்றாவது, உலகப் படத்தை அளவுக்கு மீறி நம்புவது. உலகம் உருண்டை, தளம் தட்டை. தளத்தில் எக்ஸ் அச்சு இரு பக்கமும் முடிவின்றிப் போகும். உலகத்தில் சக 180 உம் சய 180 உம் ஒரே கோடு. ஆகவே குறிகளைப் பழக உலகப் படம் நல்லது. தூரங்களை அளக்க அது போதாது.

உயர் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு சொல். கோசைனின் குறி எக்ஸின் குறி; சைனின் குறி வையின் குறி. தான்சன் வையை எக்ஸால் வகுப்பது. ஆகவே இரு குறிகளும் ஒன்றானால் நேர், வேறானால் மறை. நான்கு காற்பகுதிகளின் குறிகள் தெரிந்தவருக்குத் திரிகோணகணிதக் குறிகளைத் தனியாகப் பாடமாக்க வேண்டியதில்லை.

பிள்ளைகளே, செய்து பாருங்கள்

1. (5, −2) எந்தக் காற்பகுதியில் உள்ளது?
2. (0, −6) எந்தக் காற்பகுதியில் உள்ளது?
3. நிலைக்குத்து அச்சைக் கண்ணாடியாகக் கொண்டால் (−4, 3) இன் விம்பம் எங்கே விழும்?
4. வன்கூவரின் நெட்டாங்கு −123.1, ஒஸ்லோவின் நெட்டாங்கு 10.8. இடையில் எத்தனை பாகை?
5. எக்ஸையும் வையையும் பெருக்கினால் மறை எண் வருகின்றது. புள்ளி எந்தக் காற்பகுதிகளில் இருக்கலாம்?

விடைகள்: 1. நான்காவது. 2. எதிலும் இல்லை, அச்சின்மேல் உள்ளது. 3. (4, 3). 4. 133.9 பாகை. 5. இரண்டாவது அல்லது நான்காவது.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். இந்த வார இறுதியில் ஒரு கட்டத்தாளை எடுத்து, இரண்டு அச்சுகளையும் கீறி, உங்கள் உறவினர் வாழும் ஊர்களை அதில் பிள்ளையோடு சேர்ந்து குறியுங்கள். மாமா ரொறன்ரோவில், சித்தி சிட்னியில், அம்மம்மா ஊரில். பிள்ளை இந்நாட்டு மொழியில் சொல்லட்டும். நீங்கள் தமிழில் சொல்லுங்கள். "சய எழுபத்தொன்பது" என்று பிள்ளை ஒருமுறை சொல்லிவிட்டால், வகுப்பில் படிக்கும் கணக்கும் வீட்டில் பேசும் மொழியும் ஒரே தாளில் வந்துவிடும்.